முகமாலையில் அரை மணித்தியாலம்

இன்டர்ஸ்டெல்லர் படத்தில் ஒரு கோள் வரும். அங்கே ஒரு மணித்தியாலம் நின்றால் பூமியில் ஏழு வருசம் போய்விடும். பாகவதத்தில் ககுத்மி ராசாவும் மகள் ரேவதியும் பிரமலோகம் போய், ஒரு பாட்டு முடியுமட்டும் காத்திருந்துவிட்டுத் திரும்புகிறார்கள். பார்த்தால் பூமியில் யுகங்களே கடந்துபோயிருக்கும். கேம், அனிமே, நாவல் எதை எடுத்தாலும் இப்படி ஒரு கோடு இருக்கும்: இந்தப் பக்கம் ஒரு நேரம், அந்தப் பக்கம் வேறொரு நேரம். அதைத் தாண்டுகிற ஆளுக்கு என்ன நடக்கும் என்பதுதான் மிச்சக் கதை.

நான் எழுத வந்த கோடு ஏ9 வீதியில், முகமாலையில் இருந்தது. 2002 தொடக்கம் 2006 வரை எங்கட வீட்டுப் பெரியாக்களில் கன பேர் அதைத் தாண்டியிருப்பார்கள். யாழ்ப்பாணப் பக்கம் பத்து மணிக்கு நின்ற ஆள், சூனியப் பிரதேசத்தைக் கடந்து மற்றப் பக்கம் போனால் அங்கே மணி ஒன்பதரை. அப்படியே வன்னியைக் குறுக்கறுத்து ஓமந்தையால் வெளியேறினால், கிடைத்த அரை மணித்தியாலம் திரும்பப் பறிபோய்விடும். ஒரே பஸ், ஒரே வீதி, ஒரே வெயில். மணிக்கூட்டை மட்டும் இரண்டு தரம் திருக்கவேண்டும்.

இது எப்படி வந்தது என்றால், முதற்காரணம் மழை பெய்யாததுதான். தொண்ணூறுகளில் இலங்கையின் மின்சாரத்தில் மிகப் பெரிய பங்கு நீர்த்தேக்கங்களில் இருந்து வந்தது. 1996இல் கடும் வரட்சி. நீர்மட்டம் இறங்க, மின்வெட்டு நீண்டுகொண்டு போனது. பின்னேர வெளிச்சத்தைக் கொஞ்சம் இழுத்தால் லைட் போடுகிற நேரம் குறையும் என்று அரசாங்கம் கணக்குப் பார்த்தது. 1996 மே 25, வெள்ளி இரவு முடிந்து சனி பிறக்கிற 12 மணிக்கு, நாட்டின் மணிக்கூடுகளை ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளச் சொன்னார்கள். கிரீன்விச்சுக்கு ஐந்தரை மணித்தியாலம் முன்னால் நின்ற இலங்கை, ஆறரைக்குப் போனது. அது கொஞ்சம் கூடிப்போயிற்று என்று பட்டதோ என்னவோ, அதே வருசம் ஒக்டோபர் 26இல் அரை மணித்தியாலத்தைப் பின்னுக்கு இழுத்து ஆறாக்கினார்கள். அந்த ஆறு 2006 ஏப்ரல் 15 வரை நின்றது. பிறகு பழையபடி ஐந்தரை. நாட்டிடம் ஒரு இரவில் கடன் வாங்கின ஒரு மணித்தியாலத்தை அரசாங்கம் இரண்டு தவணையில், பத்து வருசத்தில் திருப்பிக் குடுத்தது என்று சொல்லலாம். மூன்று நாளும் சனிக்கிழமை. சாத்திரம் பார்க்கிறவர்கள் இதற்கு என்னவும் சொல்லிக்கொள்ளட்டும்.

இனி யாழ்ப்பாணத்தில் நின்று இதைப் பாருங்கோ. 1990இல் சண்டை திரும்பத் தொடங்கிய பிறகு குடாநாட்டுக்குத் தேசிய மின்கம்பியால் மின்சாரம் வரவேயில்லை. ஆறு வருசமாக லக்சபான மின்சாரத்தைக் காணாத ஊர். ஜாம் போத்தலுக்குள் கொஞ்ச மண்ணெண்ணெய் விட்டுத் திரி போட்டுப் படித்த தலைமுறை அது. பற்றரி தடைசெய்யப்பட்ட பொருள், ஆகவே சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, பெடலைச் சுத்தி, டைனமோவில் ரேடியோ கேட்ட ஊர். மின்சாரத்தை மிச்சம் பிடிக்கத்தான் நேரத்தை மாற்றினார்கள். இங்கே மிச்சம் பிடிக்க மின்சாரம் எங்கே இருந்தது? பற்றரி இல்லாமல் எத்தனை வீட்டுச் சுவர் மணிக்கூடு எப்பவோ நின்றுபோய்க் கிடந்தது? காரணம் ஒரு துண்டும் பொருந்தாத இடத்துக்கும் கட்டளை மட்டும் ஒழுங்காக வந்து சேர்ந்தது.

வந்து சேர்ந்த காலத்தையும் கவனிக்கவேண்டும். 1995 ஒக்டோபர் 30 இரவு வலிகாமம் முழுக்க வெளிக்கிட்டு, செம்மணி வெளியாலும் நாவற்குழிப் பாலத்தாலும் தென்மராட்சிக்கு நடந்தது. டிசம்பர் தொடக்கத்தில் யாழ்ப்பாண நகரம் இராணுவத்திடம் போனது. 1996 ஏப்ரலில் தென்மராட்சியும் போக, லட்சக்கணக்கானவர்கள் திரும்பி வலிகாமத்துக்கு வந்தார்கள். இன்னும் கன பேர் கிளாலிக் கடலேரியைத் தாண்டி வன்னிக்குள் போய்விட்டார்கள். மே மாதத்தில் வடமராட்சி. அதாவது குடாநாடு கைமாறி முடிந்த அதே மாதத்தின் கடைசியில்தான் இந்த நேரமாற்றம். ஒரே குடும்பத்தில் ஆச்சி வீட்டைப் பார்க்கத் திரும்பி வந்திருப்பா, மகன் அக்கராயனிலோ புதுக்குடியிருப்பிலோ நின்றிருப்பான். மே 24 வரை இரண்டு பேருக்கும் ஒரே மணி. அடுத்த நாள் விடிய ஆச்சிக்கு ஏழு, மகனுக்கு ஆறு.

ஏனென்றால் வன்னியில் நேரத்தை மாற்றவில்லை. விடுதலைப் புலிகள் கொழும்பின் அறிவிப்பைக் கணக்கெடுக்காமல் ஐந்தரையிலேயே நின்றுகொண்டார்கள், கடைசிவரை.

சூரியனைக் கேட்டால் அது என்ன சொல்லும்? யாழ்ப்பாணம் கிழக்கே கிட்டத்தட்ட 80 பாகையில் இருக்கிறது. ஒரு பாகைக்கு நான்கு நிமிசம், ஆகவே எங்கட இயல்பான நேரம் கிரீன்விச்சிலிருந்து 5 மணி 20 நிமிசம். கிளிநொச்சி கொஞ்சம் கிழக்கே, ஒன்றரை நிமிசம் மாதிரி வித்தியாசம். அவ்வளவுதான். ஐந்தரை என்ற பழைய நேரத்தில் சூரியன் உச்சிக்கு வருவது சராசரியாக 12.10 அளவில். ஆறில் அது 12.40. ஆறரையில் 1.10. புதிய நேரத்தில் மத்தியானச் சாப்பாட்டுக்குக் கூப்பிடுகிற நேரம் வெயில் இன்னும் உச்சிக்கு வரவில்லை. ஒக்டோபரில் ஆறு மணிக்கு விடிகிற ஊரில் ஏழுக்குத்தான் விடிந்தது. சூரியன் ஒன்றரை நிமிசம் மட்டும் பிரித்து வைத்த இரண்டு ஊரை, அந்த ஐந்து மாதமும் ஒரு மணித்தியாலம் பிரித்து வைத்தது அரசியல்.

இதைப் பகிடியாகவே சொல்லிக்கொண்டு போகலாம், ஆனால் 1996இன் யாழ்ப்பாணம் பகிடிக்கான இடமில்லை. ஊரடங்கு போட்டிருந்தது. ஊரடங்கு என்பது மணிக்கூட்டால் நடக்கிற சட்டம். எத்தனை மணிக்குப் பிறகு வீதியில் நிற்கிறாய் என்பதில் உயிர் தொங்கிய காலம். பழைய நேரத்தில் ஓடுகிற கைமணிக்கூட்டோடு ஒராள் வன்னியிலிருந்து வந்து இறங்கினார் என்று நினையுங்கோ. அவர் கையில் ஆறு மணி, இன்னும் வெளிச்சம் கிடக்குது. சென்றியில் நிற்கிறவனுக்கு ஏழு. யாருடைய மணி சரி என்று அங்கே நின்று கதைக்கமுடியாது. அந்த வருசம் யாழ்ப்பாணத்தில் பிடித்துக்கொண்டு போகப்பட்டு நூற்றுக்கணக்கானவர்கள் காணாமல் போனார்கள். கிருசாந்தி குமாரசுவாமி பரீட்சை எழுதிவிட்டு வரும்போது செம்மணிக் காவலரணில் மறிக்கப்பட்டது 1996 செப்டெம்பர் 7. அன்றைக்குக் குடாநாட்டில் ஓடியது ஆறரை நேரம். அந்த ஐந்து மாதத்தைப் பற்றி ஒரு சாட்சி "பின்னேரம் நாலரை இருக்கும்" என்று சொன்னால், வெயில் எங்கே நின்றது, ஆட்களை முகம் தெரிகிற அளவுக்கு வெளிச்சம் இருந்ததா என்பதை இன்றைய மணியை வைத்துக் கணக்குப் பார்க்கக்கூடாது. வரலாறு படிக்கிற எங்களுக்கு ஆண்டும் திகதியும் பிழைத்தால் புள்ளி குறைப்பார்கள். மணியை யாரும் கேட்பதில்லை.

நேரத்தோடு விளையாடுவது இந்தத் தீவுக்குப் புதிதில்லை. கோட்டைக்குக் கிட்ட நிற்கிற யாழ்ப்பாண மணிக்கூட்டுக் கோபுரம் 1875இல் வேல்ஸ் இளவரசர் இலங்கைக்கு வந்ததன் நினைவாக எழுந்தது. அந்தக் காலத்தில் ஐந்தரை என்ற நேரமே இங்கே கிடையாது. 1906இல்தான் இலங்கையும் இந்தியாவும் ஐந்தரைக்கு வந்தன. இரண்டாம் உலகப்போரில், 1942 ஜனவரியில் அரை மணித்தியாலம் முன்தள்ளி ஆறாக்கினார்கள், செப்டெம்பரில் இன்னும் அரை தள்ளி ஆறரை. போர் முடிந்து 1945 ஒக்டோபரில்தான் ஐந்தரைக்குத் திரும்பினார்கள். அதே ஆறு, அதே ஆறரை. 1996இல் ஐம்பது அறுபது வயதைத் தாண்டியிருந்தவர்களுக்கு இது இரண்டாம் முறை. ஆனால் வெள்ளைக்காரன் தள்ளியபோது முழுத் தீவும் சேர்ந்து தள்ளுப்பட்டது. 96இல் தீவுக்குள்ளேயே ஒரு கோடு விழுந்தது என்பதுதான் வித்தியாசம்.

புலிகள் ஏன் மாற்றவில்லை? இதை இறைமையின் பிரகடனம் என்று எழுதுகிறவர்களும் இருக்கிறார்கள், வெறும் பிடிவாதம் என்று தள்ளுகிறவர்களும் இருக்கிறார்கள். எனக்கு இரண்டும் கொஞ்சம் அவசரமாகப் படுகிறது. நீதிமன்றம், காவல்துறை, வைப்பகம், ஆயம் எல்லாவற்றையும் இயக்கம் முயன்று கட்டியெழுப்பவேண்டியிருந்தது. நேரத்துக்கு மட்டும் ஒன்றுமே செய்யத் தேவையிருக்கவில்லை. சும்மா இருந்தாலே போதும். கொழும்பு தானாக எழும்பி அரை மணித்தியாலம் தள்ளிப் போய் நின்றது, இவர்கள் இருந்த இடத்திலேயே இருந்தார்கள். இருந்த இடத்திலேயே இருந்தது பிறகு தனி நேரம் ஆகிவிட்டது, "தமிழீழ நேரம்" என்று பேரும் வந்தது. அந்தத் தனி நேரம் எது? 1996 மே வரை கொழும்பே பாவித்த நேரம். சென்னையும் டில்லியும் இப்பவும் பாவிக்கிற நேரம். வன்னியில் திருச்சி வானொலி போட்டால் அறிவிப்பாளர் சொல்கிற மணியும் சுவரில் கிடக்கிற மணியும் ஒன்று. யாழ்ப்பாணத்தில் அதே வானொலியைப் போட்டால் அரை மணித்தியாலத்தைக் கூட்டிப் பார்க்கவேண்டும்.

கோடு ஓரிடத்தில் நிற்கவும் இல்லை. முதலில் ஆனையிறவில் இராணுவம் இருந்தது, நேரத்தின் எல்லையும் அங்கேதான். 2000 ஏப்ரலில் ஆனையிறவும் இயக்கச்சியும் பளையும் புலிகளிடம் போயின. எல்லை வடக்கே நகர்ந்து முகமாலைக்கு வந்தது. பச்சிலைப்பள்ளி புவியியலில் குடாநாட்டுக்குள் இருக்கிற இடம். ஆகவே அதற்குப் பிறகு குடாநாட்டுக்குள்ளேயே இரண்டு நேரம். பளையில் ஒரு தென்னந்தோட்டம் நான்கு வருசம் ஒரு நேரத்திலும் அடுத்த ஆறு வருசம் வேறொரு நேரத்திலும் நின்றிருக்கிறது. மரங்களுக்கு இது தெரிந்திருக்க நியாயமில்லை.

2002 பெப்ரவரியில் யுத்தநிறுத்த உடன்பாடு. ஏப்ரல் 8இல் முகமாலைப் பாதை திறந்தது. ஆறு வருசமாகப் பார்க்காத சனம் ஒன்றையொன்று பார்க்கப் போனது. அப்போதுதான் இரண்டு நேரமும் ஒரே வீட்டுக்குள் வந்தன. எங்கட பெரியம்மா கிளிநொச்சியிலிருந்து ஒரு கலியாணத்துக்கு வந்தவ. மணிக்கூட்டை மாத்துங்கோவன் என்று யாரோ சொல்ல, "ரெண்டு நாளில திரும்பிப் போறனான், இதை ஏன் திருக்குவான்?" என்று கேட்டாவாம். முகூர்த்தம் புதிய நேரத்தில் ஒன்பதே கால். பெரியம்மாவின் கையில் எட்டே முக்கால். "இன்னும் கிடக்குத்தானே" என்று அவ தலை இழுத்துக்கொண்டு நிற்க, அறைக்கு வெளியே மேளம் மாறி அடிக்கத் தொடங்கிவிட்டதாம். வீட்டில் இன்றைக்கும் யாரும் பிந்தி வந்தால் "வன்னி நேரமோ?" என்றுதான் கேட்பார்கள். கேட்கிற பிள்ளைகளில் பாதிக்கு அது ஏன் என்று தெரியாது.

இப்படி ஒரு கோடு எங்களுக்கு மட்டும் விழவில்லை. சீனா முழுக்கப் பெய்ஜிங் நேரம்தான், ஆனால் தூர மேற்கில், சின்ஜியாங்கில், ஊய்குர் மக்கள் தங்களுக்குள் இரண்டு மணித்தியாலம் பிந்திய ஒரு நேரத்தைப் பாவிக்கிறார்கள். "எத்தனை மணிக்குச் சந்திப்பம்?" என்ற கேள்விக்குள் "நீ யார்?" என்பதும் இருக்கிறது. வடகொரியா எங்களுக்கு இன்னும் கிட்ட வருகிறது, அங்கேயும் அரை மணித்தியாலம்தான். ஜப்பான்காரன் திணித்த நேரம் வேண்டாமென்று 2015 ஓகஸ்ட் 15இல் வடக்கு அரை மணித்தியாலம் பின்னுக்குப் போனது. 2018 ஏப்ரலில் இரண்டு கொரியத் தலைவர்களும் எல்லையில் சந்தித்தபோது ஒரே சுவரில் இரண்டு மணிக்கூடு தொங்கியது. அதைப் பார்க்கக் கவலையாக இருந்தது என்று கிம் ஜோங் உன் சொன்னதாக அறிவித்து, மே 5இல் நேரத்தை ஒன்றாக்கினார்கள். எல்லாரும் கைதட்டினார்கள். இரண்டு வருசத்தில், 2020 யூனில், எல்லையில் இருந்த இணைப்பு அலுவலகத்தை வடக்கே குண்டு வைத்துத் தகர்த்தது.

எங்கட கதையும் அதே வழியில்தான் போனது. தெற்கில் சோதிடர்களும் பிக்குகள் சிலரும் பழைய நேரம் வேண்டும் என்று கேட்டபடி இருந்தார்கள், இருட்டில் பள்ளிக்கூடம் வெளிக்கிடுகிற பிள்ளைகளின் பெற்றோரும் முறைப்பட்டார்கள். 2006 சித்திரைப் புதுவருச இரவில், ஏப்ரல் 14 முடிகிற நேரம், மணிக்கூட்டை அரை மணித்தியாலம் பின்னுக்கு வைத்தார்கள். ஏப்ரல் 15இல் யாழ்ப்பாணத்திலும் கிளிநொச்சியிலும் கொழும்பிலும் ஒரே மணி, பத்து வருசத்துக்குப் பிறகு. புலிகள் ஒன்றும் செய்யவில்லை. கொழும்பு போன வழியால் திரும்பி வந்து பக்கத்தில் நின்றது, அவ்வளவுதான். 2006 ஓகஸ்ட் 11இல் முகமாலையில் சண்டை வெடித்து ஏ9 பூட்டுப்பட்டது. இடையில் 118 நாள். நேரமாற்றம் தொடங்கிய 1996 மேயிலிருந்து போர் முடிந்த 2009 மே வரையான பதின்மூன்று வருசத்தில், யாழ்ப்பாணத்துக்கும் வன்னிக்கும் இடையில் நேரமும் ஒன்றாக இருந்து பாதையும் திறந்திருந்தது அந்த 118 நாள் மட்டும்தான். நேரம் வேறாக இருந்த காலத்தில் போய்வந்த சனம், நேரம் ஒன்றான பிறகு போக வழியில்லாமல் நின்றது.

இப்ப இதை ஏன் கிளறுகிறேன் என்றால், இதை வாசிக்கிற உங்களில் கன பேர் 1996க்கும் 2006க்கும் இடையில் பிறந்தவர்கள். வீட்டில் கலியாணப் பேச்சுத் தொடங்கினால் முதல் வெளியே வருவது சாதகக் குறிப்பு. அனுபவமுள்ள சாத்திரியார் பிறந்த வருசத்தைப் பார்த்ததும் "பழைய நேரமோ, புதிய நேரமோ?" என்று கேட்பார். சாதகத்தில் நம்பிக்கை இருக்கோ இல்லையோ, கணக்கு கணக்குத்தான். ஒரு லக்கினம் ஏறத்தாழ ஐந்து நாழிகை, இரண்டு மணித்தியாலம். அரை மணித்தியாலம் பிழைத்தால் நாலு பேரில் ஒராளுக்கு லக்கினமே மாறும். 1996இன் அந்த ஐந்து மாதத்தில் பிறந்து ஒரு மணித்தியாலம் பிழைத்தால் இரண்டுக்கு ஒன்று. நவாம்சம் பதின்மூன்று நிமிசம் சொச்சம்தான், அது எப்படியும் மாறிவிடும். ஏற்கெனவே வாக்கியமா திருக்கணிதமா என்று இரண்டு பஞ்சாங்கத்துக்கு நடுவில் நிற்கிற ஊருக்கு இது இன்னொரு இடி. செத்தவர்களுக்கும் இதே பிரச்சினை உண்டு: திதி மாறுகிற நேரத்துக்குக் கிட்ட உயிர் போயிருந்தால், வன்னியில் செத்தவருக்கு யாழ்ப்பாணத்தில் திவசம் செய்கிறவர் அது எந்த மணி என்று தெரிந்திருக்கவேண்டும்.

எழுத்தில் இது பெரிதாகப் பதியப்படவில்லை. நான் கண்ட ஒரு நல்ல பதிவு எதிர்பாராத இடத்தில் கிடந்தது. உலகத்துப் போன்கள், கணினிகள் எல்லாம் எந்த ஊரில் எந்தக் காலத்தில் எந்த நேரம் ஓடியது என்று அறிய ஒரு பொது அட்டவணையைப் பாவிக்கின்றன. அதில் எங்களுக்கு இருப்பது "ஆசியா/கொழும்பு" என்ற ஒரேயொரு வரிசை. 1996, 2006 மாற்றங்களும் 1942இன் மாற்றமும் அதில் ஒழுங்காக உண்டு. பராமரிப்பவர்கள் தங்களுக்குள் எழுதி வைக்கிற குறிப்பில், புலிகள் இந்த மாற்றத்தை ஏற்கவில்லை, தமிழர் கட்டுப்பாட்டுப் பகுதியில் வாழ்கிறவர்கள் இந்தியாவுக்கான "ஆசியா/கொல்கத்தா" வரிசையைப் பாவிக்கலாம் என்று சொல்லியிருக்கிறார்கள். அந்தக் குறிப்பு உங்கட போனுக்கு வராது. வருவது வரிசை மட்டும்தான்.

ஆகவே கிளிநொச்சியில் 2001 செப்டெம்பர் 24, திங்கட்கிழமை, காலை 6.10க்கு ஒரு பிள்ளை பிறந்தது என்று வைப்பம். வன்னியில் ஓடிய பழைய நேரத்தில் அது சூரியன் எழும்பிக் கால் மணித்தியாலம் மாதிரி. சாதகம் கணிக்கிற செயலியில் ஊரையும் மணியையும் அப்படியே அடித்தால், கொழும்பு வரிசையைப் பார்க்கிற செயலி அதை ஆறு நேரமாக எடுத்து, அரை மணித்தியாலத்தைக் கழித்து, பிள்ளையைச் சூரியன் எழும்ப முந்திப் பிறக்கப் பண்ணிவிடும். பஞ்சாங்கத்தில் நாள் தொடங்குவது சூரிய உதயத்தில். கிளிநொச்சியில் திங்கட்கிழமை பிறந்த பிள்ளை போனில் ஞாயிற்றுக்கிழமைப் பிள்ளை.